ஏழு கடலும் ஒரே கண்மாயில்: மாயாஜாலப் படத்தை லந்து பண்ணி எடுப்பது எப்படி

பழைய மாயாஜாலப் படத்தைக் கிண்டல் பண்ணி ஒரு இருபது நிமிடப் படம் எடுக்கலாம் என்று கிளம்பும் பசங்க பெரும்பாலும் முதல் காட்சியிலேயே கவிழ்ந்துவிடுகிறார்கள். காசு இல்லாததோ கேமரா சரியில்லாததோ காரணம் கிடையாது. அட்டைக் கிரீடம் வைத்த ராஜா வசனம் பேசி முடித்ததும் ஓரக்கண்ணால் நம்மைப் பார்த்து "எப்படி நம்ம காமெடி" என்கிற மாதிரி ஒரு சிரிப்பு சிரிப்பார். அந்த ஒரு சிரிப்பில் படம் செத்துவிடும். அதற்குப் பிறகு நீங்கள் பூதத்தைக் கொண்டுவந்தாலும் சரி, பறக்கும் பாயைக் கொண்டுவந்தாலும் சரி, பார்க்கிறவர் செல்போனை எடுத்து நேரம் பார்ப்பார்.

ஆகவே முதல் விதி, எனக்குத் தெரிந்து ஒரே விதி: படத்துக்குள் இருக்கும் யாருக்கும் தாங்கள் ஒரு மட்டமான படத்தில் இருக்கிறோம் என்று தெரியக்கூடாது. ராஜாவுக்கு அது நிஜ அரண்மனை. மந்திரவாதிக்கு அது நிஜ மண்டை ஓடு. அந்தப் படத்தை எடுத்ததாக நாம் கற்பனை செய்துகொள்ளும் டைரக்டர், தான் எடுப்பது தமிழ்நாட்டையே உலுக்கப்போகும் காவியம் என்று நம்புகிறவர். கையில் இருக்கும் பணத்துக்கும் மனதில் இருக்கும் படத்துக்கும் நடுவில் இருக்கிற பள்ளம்தான் நம்முடைய காமெடி. கீழே இனி சொல்லப்போகிற கேமரா, சவுண்டு, அட்டை, பெயிண்ட் எல்லாம் அந்தப் பள்ளத்தைக் காட்டத்தான்.

இதை நான் கண்டுபிடிக்கவில்லை. 1980-ல் வந்த 'ஏர்ப்ளேன்' என்ற அமெரிக்கப் படம், 1957-ல் வந்த 'ஜீரோ ஹவர்' என்ற சீரியஸான விமானப் படத்தின் கதையை, பல இடங்களில் வசனத்தையும்கூட, முறையாக உரிமை வாங்கி அப்படியே எடுத்துக்கொண்டது. நடிக்க வைத்தது லெஸ்லி நீல்சன், ராபர்ட் ஸ்டாக், லாயிட் பிரிட்ஜஸ் போன்ற ஆட்களை. அதுவரை அவர்கள் விறைப்பான வேஷங்களுக்குப் பேர்போனவர்கள். காமெடி நடிகர்களைப் போட்டிருந்தால் அந்தப் படம் நாலு நாளில் மறந்துபோயிருக்கும்.

எந்தப் படத்தை எடுத்துக்கொள்வது

பி-மூவி என்ற பேர் 1930, 40-களில் ஹாலிவுட்டில் ஒரே டிக்கெட்டில் இரண்டு படம் காட்டிய காலத்தில் வந்தது. பெரிய படத்தோடு ஒட்டிக்கொண்டு ஓடும் சின்ன படம் அது. நம் ஊரில் அந்த ஏற்பாடு இல்லை, ஆனால் அந்த மாதிரிப் படங்கள் நிறைய இருந்தன, டூரிங் டாக்கீசிலும் காலைக்காட்சியிலும் வருஷக்கணக்காகச் சுற்றிவந்தன. ஜெய்சங்கர் குதிரை ஏறித் துப்பாக்கி சுட்ட கௌபாய் படங்கள் இருக்கின்றன: 'கங்கா', 'ஜக்கம்மா', 'எங்க பாட்டன் சொத்து', மூன்றும் ஒளிப்பதிவாளர் கர்ணன் இயக்கியவை. அம்மன் படங்கள், பாம்புப் படங்கள், குரங்கும் யானையும் ஹீரோவைக் காப்பாற்றும் படங்கள் என்றால் இராம. நாராயணன், அவர் நம் மதுரைக்குப் பக்கத்துக் காரைக்குடிக்காரர். பேய் பங்களா படங்கள் 80-களின் கடைசியில் வரிசை கட்டி வந்தன. எல்லாவற்றுக்கும் மேலே, மாயாஜாலப் படம் என்றால் விட்டலாச்சார்யா.

இவற்றில் ஒன்றை மட்டும் எடுங்கள். கௌபாயும் பேயும் சிஐடியும் ஒரே படத்தில் வந்தால் அது கதம்பம் ஆகிவிடும், எதைக் கிண்டல் பண்ணுகிறோம் என்று நமக்கே தெரியாது. பெரிய ஸ்டார் படங்களைக் கலாய்ப்பதை 2010-ல் 'தமிழ்ப்படம்' செய்துவிட்டது, கௌபாய் பக்கத்தை அதே வருஷம் 'இரும்புக்கோட்டை முரட்டு சிங்கம்' எடுத்துக்கொண்டது. மாயாஜாலப் பக்கம் இன்னும் காலியாகத்தான் கிடக்கிறது. அம்மன் படத்தைத் தொடுவதற்கு முன்னால் ஒரு தடவை யோசியுங்கள். தீயை உமிழும் கிராபிக்ஸைக் கிண்டல் பண்ணுவது ஒன்று, சாமியைக் கிண்டல் பண்ணுவது வேறொன்று. படம் பார்க்கிற எல்லோரும் அந்தக் கோட்டை நீங்கள் போட்ட இடத்திலேயே பார்ப்பார்கள் என்பதற்கு உத்தரவாதம் கிடையாது. நம் சுற்றுவட்டாரத்தில் காவல் தெய்வம் இல்லாத கண்மாய்க்கரையே இல்லை என்பதையும் நினைவில் வையுங்கள்.

எடுத்துக்கொண்ட வகையில் ஒரு ஐந்தாறு படமாவது முழுசாக, ஓட்டாமல், உட்கார்ந்து பாருங்கள். மீம்ஸில் வந்த துண்டுக் காட்சியை மட்டும் பார்த்தால் உங்களுக்கும் மேலோட்டமான கிண்டல்தான் வரும். விட்டலாச்சார்யா எடுத்து 1978-ல் வந்த 'ஜகன்மோகினி'யில் பேய் விறகுக்குப் பதிலாகத் தன் காலையே அடுப்புக்குள் நீட்டி எரித்துச் சமைக்கும். முதல் தடவை பார்த்தால் சிரிப்பு வரும். இரண்டாவது தடவை பார்த்தால், இதை யோசித்தவனுக்கு என்ன தைரியம் என்று தோன்றும். அந்த இரண்டாவது எண்ணம் உங்களுக்கு வரவில்லை என்றால் இந்தப் படத்தை நீங்கள் எடுக்க வேண்டாம். வேறு காமெடி எடுக்கலாம், தப்பில்லை.

ஸ்கிரிப்ட்

உதாரணத்துக்கு ஒரு படத்தை வைத்துக்கொண்டு பேசுவோம். பேர் 'ஏழு கடல் எட்டாவது மலை'. இளவரசியை மந்திரவாதி தூக்கிப்போகிறான், அவன் உயிர் ஏழு கடல் தாண்டி ஒரு குகையில் கிளிக்குள் இருக்கிறது, தளபதியின் மகன் போய் மீட்கிறான். கதையில் புதுமை எதுவும் வேண்டாம். பார்க்கிறவருக்குக் கதை முன்னாலேயே தெரிந்திருக்க வேண்டும், அப்போதுதான் அவர் கண் ஓரங்களில் மேயும். ஓரங்களில்தான் நம் சரக்கு இருக்கிறது.

வசனத்தில் ஜோக் எழுதாதீர்கள். மோசமான வசனத்தை மிகுந்த அக்கறையோடு எழுதுங்கள். அந்தக் காலத்துச் சின்ன படங்களின் வசனத்துக்கு ஒரு குணம் உண்டு: பார்க்கிறவருக்குப் புரியாமல் போய்விடுமோ என்ற பயத்தில் சொன்னதையே திருப்பித் திருப்பிச் சொல்லும்.

"மந்திரியாரே, என் மகளை அந்தப்புரத்தில் காணவில்லை என்றால் அதன் பொருள் என்ன?"
"அவர் அந்தப்புரத்தில் இல்லை என்று பொருள், மன்னா."
"அப்படியென்றால் அவள் வேறு எங்கோ இருக்கிறாள்!"
"தங்கள் அறிவே அறிவு, மன்னா."

இதைச் சொல்கிறவர் நெஞ்சில் கை வைத்துக் கண் கலங்கிச் சொல்ல வேண்டும். இன்னொன்று, வில்லன் ரகசியத்தைக் காப்பாற்றத் தெரியாதவனாக இருப்பது:

"இளவரசி, என் உயிர் எங்கே இருக்கிறது என்று நான் யாரிடமும் சொல்லப்போவதில்லை. ஏழாவது கடலுக்கு அப்பால், எட்டாவது மலைக் குகையில், கூண்டுக் கிளியின் கழுத்தில் இருக்கிறது."
"அதை யாரிடமும் சொல்லிவிடாதீர்கள்."
"பைத்தியமா எனக்கு?"

அமெரிக்காவில் 2001-ல் லாரி பிளாமையர் என்பவர் எடுத்த 'தி லாஸ்ட் ஸ்கெலிட்டன் ஆஃப் கடாவ்ரா' முழுக்க இந்த மாதிரி வசனத்தில்தான் ஓடுகிறது. 50-களின் விஞ்ஞானிப் படங்களை அச்சு அசலாகச் செய்த கருப்பு வெள்ளைப் படம். 1953-ல் 'ரோபோ மான்ஸ்டர்' எடுத்த அதே பிரான்சன் கேன்யன் பாறைகளுக்குப் போய் அங்கேயே எடுத்தார்கள். அந்த 'ரோபோ மான்ஸ்டர்' கதை தெரியுமா? ரோபோ உடுப்பு செய்யப் பணம் இல்லை, அதனால் ஒரு கொரில்லா உடையை மாட்டி, தலையில் முக்குளிப்பவர் போடுகிற மாதிரி ஒரு தலைக்கவசத்தை வைத்து, இதுதான் சந்திரனிலிருந்து வந்த ரோபோ என்று சொல்லிவிட்டார்கள். இதற்கு மேல் கிண்டல் பண்ண நம்மால் முடியாது. வணங்கத்தான் முடியும்.

நடிக்க யாரைக் கூப்பிடுவது

கல்லூரி நண்பர்களை வைத்து எடுக்காதீர்கள். அவர்கள் சிரித்துவிடுவார்கள், முதல் பத்தியில் சொன்ன நோய் அவர்களுக்குத்தான் முதலில் வரும். மதுரையில் இருந்துகொண்டு ஸ்பெஷல் நாடகக் கலைஞர்களைத் தேடிப்போகாதவரை என்னவென்று சொல்வது? சுண்ணாம்புக்காரத் தெருப் பக்கம் போய் விசாரித்தால் வழி சொல்வார்கள். ராத்திரி பத்து மணிக்கு ஏறி விடியும் வரை வள்ளி திருமணம் ஆடுகிறவர்கள், ராஜபார்ட் வாயைத் திறந்தால் கடைசி வரிசைக்குக் கேட்கும், செந்தமிழ் வசனம் தண்ணீர் பட்ட பாடு, ஜரிகை உடுப்பும் கிரீடமும் சொந்தமாகவே வைத்திருப்பார்கள். பங்குனி, சித்திரை மாதங்களில் கேட்காதீர்கள், திருவிழா நேரத்தில் அவர்களுக்குத் தூங்கவே நேரம் இருக்காது.

இரண்டு விஷயம். ஒன்று, பபூன் வேஷம் கட்டுகிறவரைக் காமெடிக்குப் போடாதீர்கள், மந்திரியாகப் போடுங்கள். டைமிங் ரத்தத்தில் ஊறிய மனிதர் சிரிக்காமல் நின்றால் அந்த நிற்பே போதும். இரண்டு, அவர்களிடம் முழு விஷயத்தையும் முன்னாலேயே சொல்லிவிடுங்கள்: "அண்ணே, பழைய மாயாஜாலப் படத்தை லந்து பண்றோம், நீங்க நெசமாவே நடிக்கணும், சுத்தி இருக்கறதுதான் கோளாறா இருக்கும்." சொல்லாமல் நடிக்க வைத்து அப்புறம் அவர்களையே கேலிப்பொருளாகக் காட்டினால் அது லந்து இல்லை, துரோகம். சம்பளத்தையும் பேசியபடி அன்றைக்கே கொடுத்துவிடுங்கள். சின்னப் படம் என்பது யாரையும் ஓசியில் வேலை வாங்க லைசென்ஸ் கிடையாது.

உடுப்பு, பூதம், கிளி

புதுமண்டபத்தில் இருந்த தையல்காரர்கள் இப்போது குன்னத்தூர் சத்திரத்தில் இருக்கிறார்கள். சித்திரைத் திருவிழாவுக்கு அழகர் வேஷ உடுப்பு, கருப்பசாமி உடுப்பு தைக்கிற கைகள். வெல்வெட்டில் ஜரிகை வைத்து ராஜா உடுப்பு கேட்டால் என்ன கலர் என்று மட்டும்தான் கேட்பார்கள். கதாநாயகன் உடுப்பை நன்றாகவே தையுங்கள், அளவெடுத்து, பளபளவென்று. கூட நிற்கிற படைவீரர்களுக்குத்தான் கைவரிசையைக் காட்ட வேண்டும்: முதல் வீரனுக்கு முழு உடுப்பு, இரண்டாவது ஆளுக்கு மேல் பாதி மட்டும், கீழே அவனுடைய சொந்தக் கைலி, மூன்றாவது ஆளுக்கு ஈட்டி மட்டும். பட்ஜெட் எங்கே தீர்ந்தது என்று வரிசையைப் பார்த்தாலே தெரிய வேண்டும். அதைப் பற்றி யாரும் ஒரு வார்த்தை பேசக்கூடாது.

பூதத் தலைக்குத் திருப்பரங்குன்றம் பக்கம் விளாச்சேரிக்குப் போங்கள். கொலு பொம்மை செய்கிற ஊர், காகிதக்கூழ் வேலை தெரிந்தவர்கள் இருக்கிறார்கள். பொம்மை வேலை குவியும் நவராத்திரிக்கு முந்தின மாதங்களை விட்டுவிடுங்கள். தலையை அழகாகச் செய்து கொடுப்பார்கள், அதுதான் பிரச்சினையும்கூட. அசிங்கமாகச் செய்யச் சொல்லாதீர்கள், தொழில்காரரை அப்படிக் கேட்பது மரியாதை இல்லை. தலை அழகாகவே இருக்கட்டும், ஆனால் அதைப் போடுகிறவரின் கழுத்துக்குக் கீழே கருப்பு பனியனும் கையில் வாட்ச் தழும்பும் தெரியட்டும்.

கிளிக்கு பிளாஸ்டிக் கிளி. இதில் சட்டமும் காமெடியும் ஒரே பக்கம் நிற்கின்றன. நம் ஊர்ப் பச்சைக்கிளியைக் கூண்டில் வைப்பதே 1972 வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி குற்றம், பாம்பும் அப்படித்தான். பழக்கிய குதிரை, மாடு என்று எதை நடிக்க வைத்தாலும் விலங்கு நல வாரியத்தின் அனுமதி வேண்டும். சித்திரைப் பொருட்காட்சியில் விற்கிற, அமுக்கினால் கீச்சென்று கத்தும் கிளி ஒன்று போதும். மந்திரவாதி உயிர் துடிக்கும் உச்சக்கட்டத்தில் ஹீரோ அதை அமுக்குவார், கீச் என்று கத்தும், மந்திரவாதி நெஞ்சைப் பிடிப்பார். மறுபடி அமுக்குவார். இதை எவ்வளவு நேரம் இழுக்கலாம் என்பது எடிட்டிங்கில் தெரியும்.

ஏழு கடல்

நவம்பர், டிசம்பரில் எடுங்கள். சித்திரையில் கிளம்பினால் கண்மாயில் கடல் இருக்காது, கிரிக்கெட் மேட்ச்தான் இருக்கும். வடகிழக்குப் பருவமழை முடிகிற நேரத்தில் ஓரளவு தண்ணீர் நிற்கும் ஒரு கண்மாயைப் பிடித்து, ஊர்ப் பெரியவர்களிடமும் பஞ்சாயத்திலும் சொல்லிவிட்டு, ஏழு கடலையும் அங்கேயே முடித்துவிடலாம்.

முதல் கடல் கரை மேலே நின்று. இரண்டாவது கடல் மடைப் பக்கத்திலிருந்து. மூன்றாவது, உபரித் தண்ணீர் வழிகிற கலுங்கிலிருந்து. நான்காவது, முதல் கடலின் அதே ஷாட்டை எடிட்டிங்கில் இடம் வலமாகத் திருப்பிப் போட்டது, எதிர்க்கரை மோட்டார் ரூம் சுவரில் எழுதியிருக்கும் விளம்பரம் கண்ணாடியில் பார்த்த மாதிரி இருக்கும், அதை மறைக்காதீர்கள். ஐந்தாவதுக்குச் சிவப்பு கலர் ஏற்றி 'ரத்தக் கடல்' என்று கீழே எழுத்துப் போடுங்கள். ஆறாவது சாயங்காலம் எடுத்தது. ஏழாவது ஒரு அண்டா. அண்டாவின் விளிம்பு ஒரு நொடி தெரிந்தால் போதும். இந்த ஏழிலும் பின்னால் ஒரே எருமை நிற்கட்டும். அது நடிக்க வந்த எருமை இல்லை, கண்மாய் இருந்தால் எருமை தானாகவே இருக்கும், காத்திருந்தால் கேமரா சட்டத்துக்குள் வந்து நிற்கும். ஹீரோ ஒவ்வொரு கடலையும் பார்த்து "இதுவரை மனிதக் கண் காணாத கடல்!" என்று வியக்க வேண்டும். எருமையை யாரும் கவனிக்கக்கூடாது, குளோசப் போடவே கூடாது. நாலாவது கடலில்தான் பார்க்கிறவர்களில் ஒருவர் "டேய், அதே எருமைடா" என்று கத்துவார், ஆறாவது கடலுக்குள் வீடே கத்தும். அவர்களாகக் கண்டுபிடித்ததால்தான் அந்தச் சிரிப்பு.

கப்பலைத் தெர்மாகோலில் செய்யாதீர்கள். மற்ற ஊரில் செய்யலாம். இங்கே தண்ணீர் மேல் தெர்மாகோலைக் காட்டினால் ஜனங்க உங்கள் கதையை விட்டுவிட்டு தண்ணீர் ஆவியாகாமல் இருக்க அமைச்சர் தெர்மாகோல் மிதக்கவிட்ட 2017 வைகை அணைக்கு நேராகப் போய்விடுவார்கள், திரும்பி வர மாட்டார்கள்.

மலைக்கு நமக்குக் குறைவே இல்லை. ஆனால் யானைமலை, கீழக்குயில்குடி சமணர் மலையில் இருக்கிற குகைகளும் சிற்பங்களும் தொல்லியல் துறையின் பாதுகாப்பில் உள்ளவை, திருமலை நாயக்கர் மகாலும் அரசுத் தொல்லியல் துறையுடையது. ஸ்டாண்டை விரித்து உடுப்போடு நின்றால் அனுமதிக் கடிதம் கேட்பார்கள், கேட்பதுதான் நியாயமும். கல்வெட்டோ சிற்பமோ இல்லாத சாதாரணப் பாறை எந்த ஊர்ப்பக்கமும் கிடைக்கும், அங்கே எடுங்கள். மேலூர்ப் பக்கம் கைவிட்ட கிரானைட் குவாரிகள் பார்க்க வேற்றுக் கிரகம் மாதிரி இருக்கும், ஆசையாக இருக்கும், போகாதீர்கள். ஆழம் தெரியாத தண்ணீர், விளிம்பு எந்த நேரமும் சரியும். வெயிலையும் கணக்கில் வையுங்கள், வெல்வெட் உடுப்பில் பதினொரு மணிக்கு மேல் யாரையும் நிறுத்தி வைக்காதீர்கள்.

கேமரா தந்திரங்கள்

செல்போன் போதும். 25 பிரேம், ஷட்டர் 50-ல் ஒன்று என்று வைத்துக்கொள்ளுங்கள், நம் ஊர்க் கரண்ட் 50 ஹெர்ட்ஸ் என்பதால் டியூப்லைட் துடிப்பு வராது. அந்தக் காலத்து ஜூமைப் போனில் செய்தால் திக்கித் திக்கிப் போகும், அதனால் 4கே-யில் எடுத்து எடிட்டிங்கில் ஜூம் அடியுங்கள். வேகமாக முகத்துக்குப் போகிற ஜூம், போய்ச் சேர்ந்ததும் கொஞ்சம் தப்பிக் காதில் நிற்க வேண்டும், அப்புறம் மெதுவாக முகத்துக்கு வர வேண்டும். படம் முழுக்க இது ஒரு தடவைதான்.

மறைவதும் தோன்றுவதும்தான் மாயாஜாலப் படத்தின் உயிர், இதை மட்டும் பொறுமையாகச் செய்யுங்கள். போனை ஸ்டாண்டில் இறுக்கி, திரையில் விரலை அழுத்திப் பிடித்து ஃபோகஸையும் வெளிச்சத்தையும் லாக் பண்ணிவிடுங்கள், இல்லையென்றால் ஆள் மாறும்போது வெளிச்சம் ஏறி இறங்கும். மந்திரவாதியின் காலைச் சுற்றித் தரையில் சாக்பீஸால் கோடு போடுங்கள். அவர் கையைத் தூக்கி "மாயமாய் மறைவேன்" என்றதும் நீங்கள் "அப்படியே" என்று கத்த வேண்டும், எல்லோரும் கல்லாக நிற்க வேண்டும், ரெகார்டிங்கை நிறுத்தக்கூடாது. மந்திரவாதி மட்டும் சட்டத்தை விட்டு வெளியே போக, அந்த இடத்தில் ஒருவர் முகப்பவுடரை உள்ளங்கையில் வைத்து ஊதிவிட்டு ஓட, மற்றவர்கள் மறுபடி நடிக்க ஆரம்பிக்கலாம். நடுவில் இருக்கிறதை எடிட்டிங்கில் வெட்டினால் ஆள் புகையாகிவிடுவார். மேகம் ஓடுகிற நாளில் இதை எடுக்காதீர்கள். சரி, லந்து எங்கே? கல்லாக நிற்கிறவர்களில் ஒரே ஒருவரை மட்டும் நடுவில் மாறச் சொல்லுங்கள். வெட்டுக்கு முன்னால் இடது கையில் ஈட்டி, வெட்டுக்குப் பின்னால் வலது கையில் டீ கிளாஸ். மூன்று பேர் மாறினால் அது கூத்து. ஒருவர் மாறினால்தான் அது அந்தக் காலத்துப் படம்.

ராத்திரிக் காட்சியைப் பகலில்தான் எடுக்க வேண்டும், லைட்டுக்குக் காசு இல்லாத எல்லோரும் அப்படித்தான் எடுத்தார்கள். ஒயிட் பேலன்ஸை 3200-ல் வைத்தால் வெயில் நீலமாகும், எக்ஸ்போஷரை இரண்டு ஸ்டாப் இறக்குங்கள், சூரியன் நடிகருக்குப் பின்னால் இருந்தால் நிலா வெளிச்சம் மாதிரி ஓரம் மின்னும், வானத்தைச் சட்டத்துக்குள் விடாதீர்கள். இது ஒழுங்காக எடுக்கும் முறை. இதை முழுசாகக் கற்றுக்கொண்ட பிறகு கெடுத்துவிடுங்கள்: இளவரசி அரிக்கேன் விளக்கோடு "என்ன கும்மிருட்டு, ஐயோ" என்று தடவித் தடவி வரட்டும், பின்னால் ரோட்டில் காயப்போட்ட நெல்லை ஒருவர் காலால் கிளறிக்கொண்டிருக்கட்டும்.

இந்த இடத்தில் ஒரு விஷயத்தை அழுத்திச் சொல்ல வேண்டும். ஒரு ஷாட்டுக்கு ஒரு கோளாறு. 2009-ல் வந்த 'பிளாக் டைனமைட்' என்ற அமெரிக்கக் கிண்டல் படத்தில் ஹீரோ ஆவேசமாகப் பேசும்போது மேலேயிருந்து மைக் சட்டத்துக்குள் இறங்கும். அந்த நேரத்தில் வேறு எதுவும் தப்பாக நடக்காது, அதனால்தான் அது இன்றைக்கும் சிரிக்க வைக்கிறது. மைக்கும் தெரிந்து, கிரீடமும் விழுந்து, சுவரும் ஆடினால் பார்க்கிறவர் நிஜமாகவே மோசமான படம் என்று முடிவு கட்டிவிடுவார்.

சவுண்டு

படம் மங்கலாக இருக்கலாம், சத்தம் மங்கலாக இருக்கக்கூடாது. இரைச்சலான சத்தத்தில் எந்த ஜோக்கும் பிழைக்காது. வசனம் முழுவதையும் வீட்டில் போர்வையைத் தொங்கவிட்டு, மின்விசிறியை நிறுத்தி, திரும்பப் பேசி டப்பிங் பண்ணுங்கள். பழைய டப்பிங் பட வாடை வர வேண்டுமென்றால் உதடு அசைவை விட்டுத் தள்ளி வையுங்கள், ஆனால் தாராளமாக: இரண்டு மூன்று பிரேம் தள்ளினால் செட்டிங் கோளாறு என்று நினைப்பார்கள், பத்துப் பன்னிரண்டு பிரேம் தள்ளினால்தான் வேண்டுமென்றே என்று புரியும். வாய் நின்ற பிறகும் "ஹஹ்ஹஹ்ஹா" தொடர்கிற வில்லன் எப்போதும் விலைபோவார்.

கத்திச்சண்டை, இடி, பூதம் நடக்கும் சத்தம் எல்லாவற்றுக்கும் நாடக மேடையில் ஆல்ரவுண்ட் வாசிக்கிறவரைக் கூப்பிடுங்கள். ஒருவர் உட்கார்ந்த இடத்தில் ஜால்ரா, டிரம், பேடு எல்லாவற்றையும் வைத்துக்கொண்டு, நடிகர் புருவம் தூக்கினால் அதற்கொரு சத்தம் கொடுப்பார். படத்தைத் திரையில் ஓடவிட்டு, ஒரே மூச்சில், நிறுத்தாமல் அவரை வாசிக்க விட்டு ரெகார்ட் பண்ணுங்கள். இணையத்தில் இறக்கிய சவுண்டு எஃபெக்ட் எதுவும் அதன் பக்கத்தில் நிற்காது.

பழைய பாட்டு எதையும் போடாதீர்கள். கிண்டலுக்குத்தான் போட்டோம் என்றாலும் அப்லோடு பண்ணின கொஞ்ச நேரத்தில் இசை உரிமைக்காரர் பேரில் தானாக கிளெய்ம் விழும். நம் 1957 காப்புரிமைச் சட்டத்தில் விமர்சனத்துக்கு விலக்கு இருக்கிறதே தவிர, பகடி என்று பேர் சொல்லி ஒரு விலக்கு கிடையாது. சொந்தமாக ஆர்மோனியத்தில் ஒரு மெட்டுப் போட்டுக்கொள்ளுங்கள். ஆன்லைனில் போடுவதற்குச் சென்சார் வேண்டாம், தியேட்டரில் டிக்கெட் போட்டுக் காட்டினால் வேண்டும்.

வெட்டுவதும் காட்டுவதும்

காசு குறைவு என்று கவலைப்படுகிறவர்கள் மாலேகானைப் பார்க்க வேண்டும். மகாராஷ்டிரத்தில் விசைத்தறி ஓடும் ஊர். அங்கே நாசிர் ஷேக் என்பவர் ஊர்க்காரர்களையே நடிக்க வைத்து 'ஷோலே'யைத் தங்கள் ஊர்ப் பாணியில் கிண்டலாக எடுத்தார், அப்புறம் சூப்பர்மேனையும் எடுத்தார். அந்த சூப்பர்மேன் உருவான கதை ஃபைசா அகமது கான் எடுத்த 'சூப்பர்மென் ஆஃப் மாலேகான்' என்ற ஆவணப்படத்தில் இருக்கிறது. கிரேனுக்கு மாட்டு வண்டி, டிராலிக்கு சைக்கிள். எடுத்தது யாருக்காக என்பதில் அவர்களுக்குக் குழப்பமே இல்லை: தங்கள் ஊர் ஆட்களுக்காக.

நீங்களும் முதலில் அப்படியே காட்டுங்கள். எடிட்டிங் ஓரளவு முடிந்ததும் ஒரு மொட்டை மாடியில் வேட்டியைக் கட்டி, புரொஜெக்டர் வாடகைக்கு எடுத்து, நடித்த கலைஞர்கள், தைத்துக் கொடுத்தவர், கண்மாய்க்கரை ஆட்கள் எல்லோரையும் கூப்பிடுங்கள். காலைக்காட்சியில் வளர்ந்த ஐம்பது அறுபது வயது ஆட்கள் நாலு பேராவது கட்டாயம் இருக்க வேண்டும். மூலப் படங்களை ஆசையாகப் பார்த்தவர்கள் அவர்கள்தான், லந்து எங்கே எல்லை தாண்டுகிறது என்று அவர்கள் முகத்தில் தெரியும். நீங்கள் திரையைப் பார்க்காதீர்கள், ஓரமாக நின்று ஆட்களைப் பாருங்கள், கையில் காகிதம் பேனா வைத்துக்கொண்டு, எந்த நிமிடத்தில் சிரித்தார்கள், எந்த நிமிடத்தில் பக்கத்து ஆளிடம் பேச ஆரம்பித்தார்கள் என்று குறியுங்கள். நீங்கள் ரொம்ப ரசித்து எடுத்த இடத்தில் பேச ஆரம்பித்தால் அந்த இடத்தை வெட்டிவிடுங்கள், வாதாடாதீர்கள். எதிர்பார்க்காத இடத்தில் சிரித்தால் அது ஏன் என்று கேட்காமல் அந்த ஷாட்டை இன்னும் இரண்டு நொடி நீட்டுங்கள். இருபது நிமிடத்துக்கு எடுத்தது இப்படிப் பதினாலு நிமிடமாகும், அதுதான் அப்லோடு பண்ண வேண்டிய படம். பேர் போடும்போது எருமைக்காரர் பேரை, அவர் சம்மதித்தால், இசைக்கு முன்னால் போடுங்கள்.